நூலில் இல்லாத பெயர்கள்

பெங்களூர் ஈஜிபுராவிலிருந்து வடக்கே சில கிலோமீட்டர் தொலைவில் அல்சூர் ஏரி உள்ளது. அதன் அருகே இந்தியத் தரைப்படையைச் சேர்ந்த மெட்ராஸ் பொறியாளர் படையின் தலைமையிடம் அமைந்துள்ளது. மக்கள் இதனை ‘மெட்ராஸ் சாப்பர்ஸ்’ என்று அழைப்பர். இப்படைவீரர்களுக்குத் ‘தம்பி’ என்னும் அன்புப் பெயரும் உண்டு. பாலம் கட்டுதல், பாதை அமைத்தல், கண்ணிவெடிகளை அகற்றுதல் ஆகியன இவர்களுடைய பணிகள்.

இப்படையின் பழைய வரலாற்றை விரிவாக எழுதியவர் எச். எம். வைபார்ட். இவர் மெட்ராஸ் பொறியாளர் படையில் பணியாற்றிய ஆங்கிலேய அதிகாரி. மெட்ராஸ் பொறியாளர்கள், பயனியர்கள் ஆகியோரின் படை வரலாற்றை ஆங்கிலத்தில் இரண்டு தொகுதிகளாக எழுதினார். அவை 1881, 1883 ஆம் ஆண்டுகளில் இலண்டனில் வெளிவந்தன. 1743 முதல் தம் காலம் வரை நிகழ்ந்தவற்றை அவர் அவற்றில் தொகுத்துள்ளார்.

பயனியர்கள் என்போர் படைக்கு முன்னே சென்று வழி அமைப்பவர்கள். 1780 ஆம் ஆண்டில் கிழக்கிந்தியக் கம்பெனி சென்னையில் இரண்டு பயனியர் அணிகளைத் திரட்டியது. பெங்களூர்க் கோட்டை முற்றுகை (1791), ஸ்ரீரங்கப்பட்டண முற்றுகை (1799), ஜாவாப் போர் (1811), அபிசீனியப் படையெடுப்பு (1868) எனப் பல களங்களில் இப்படையினர் உழைத்தனர். அகழியை நிரப்பியோரும், கோட்டைச் சுவரில் ஏணி சாத்தியோரும், கடல் கடந்து சென்று பாதை வெட்டியோரும் இவர்களே.

ஆயினும், இத்தகைய நூல்களில் அதிகாரிகளின் பெயர்களே முன்னிற்கின்றன. மண்வெட்டி ஏந்திய வீரர் பெரும்பாலும் எண்ணிக்கையாகவே இடம்பெறுகிறார். இத்தனை பேர் இறந்தனர், இத்தனை பேர் காயமுற்றனர் என்பதோடு செய்தி முடிந்துவிடுகிறது. அதிகாரிகள் எழுதிய போர் அறிக்கைகளே இந்நூல்களுக்கு அடிப்படை. அறிக்கையில் பெயர் இல்லாதவர், நூலிலும் பெயரின்றிப் போனார்.

நடுகல் இதற்கு மாறானது. ஈஜிபுராவுக்குத் தெற்கே பேகூரில் நாகேசுவரர் கோயில் உள்ளது. அங்குக் கிடைத்த, ஏறத்தாழ கி.பி. 890 ஆம் ஆண்டைச் சேர்ந்த பழங்கன்னட வீரக்கல் ஒன்று, பெங்களூரில் நடந்த போரில் புட்டண செட்டி என்பவர் இறந்ததைக் கூறுகிறது. ‘பெங்களூர்’ என்னும் பெயருக்குக் கிடைத்துள்ள மிகப் பழைய சான்றும் அதுவே. தமிழகத்தின் செங்கம் பகுதி நடுகற்களும், ஆநிரை மீட்கப் போரிட்டு மாண்ட வீரர்களின் பெயர்களைத் தாங்கி நிற்கின்றன.

கல் ஒருவரின் பெயரைக் காக்கிறது. ஆனால், போரின் முழுக்கதையைச் சொல்வதில்லை. நூல் காலத்தையும் களத்தையும் வரிசையாகச் சொல்கிறது. ஆனால், பலரின் பெயரை விட்டுவிடுகிறது. வரலாறு கற்போருக்கு இரண்டும் வேண்டும்.

பிற்காலத்தில் இந்நிலை சிறிது மாறியது. இரண்டாம் உலகப் போரின்போது, 1944 ஆம் ஆண்டில் இத்தாலியில் மெட்ராஸ் சாப்பர்ஸ் படையைச் சேர்ந்த சுபேதார் சுப்பிரமணியன் தம் தோழர்களைக் காக்கக் கண்ணிவெடியின்மேல் பாய்ந்து உயிர் நீத்தார். அவருக்கு ஜார்ஜ் சிலுவை விருது வழங்கப்பட்டது. அவருடைய பெயர் நிலைத்துவிட்டது. அவருக்கு முன் உழைத்த எத்தனையோ பேரின் பெயர்கள் நிலைக்கவில்லை. ‘தளபதி கோட்டையைப் பிடித்தார்’ என்று ஒரு நூல் கூறுமிடத்தில், ‘ஏணியைச் சுமந்தவர் யார்?’ என்று கேட்பதே அவர்களுக்குச் செய்யும் மரியாதை.

அருஞ்சொற்பொருள்

அகழி – கோட்டையைச் சுற்றியுள்ள நீர்நிலை
ஆநிரை – பசுக்கூட்டம்
நடுகல் – இறந்த வீரரின் நினைவாக நடப்படும் கல்
முற்றுகை – பகைவரின் கோட்டையைச் சூழ்ந்து தாக்குதல்

பயிற்சி

1. பயனியர்கள் செய்த பணிகளுள் மூன்றினை எழுதுக.
2. போர் நூல்களில் வீரர்களின் பெயர்கள் குறைவாக இடம்பெறக் காரணம் யாது?
3. பேகூர் வீரக்கல்லின் சிறப்புகள் இரண்டினைக் கூறுக.
4. பிரித்து எழுதுக: போரிட்டு, பழங்கன்னடம், படைவீரர்.
5. உன் குடும்பத்தில் முதன்முதலாக இந்நகருக்கு வந்தவர் யார்? அவருடைய பெயர், ஊர், செய்த வேலை ஆகியவற்றை வீட்டுப் பெரியோரிடம் கேட்டு ஐந்து வரிகளில் எழுதுக.