காரின் தொண்டையில் கரி

பெட்ரோல் கார் ஒன்றின் ஆக்ஸிலரேட்டர் மிதியை ஓட்டுநர் அழுத்துகிறார், கார் விரைகிறது. அந்த மிதி எதைத் திறந்துவிடுகிறது? "பெட்ரோலை" என்றுதான் உங்களில் பலர் விடை கூறுவீர்கள். அது சரியன்று. மிதி திறப்பது காற்றின் வழியை. உள்ளே வரும் காற்றின் அளவை அறிந்து, அதற்கேற்ற பெட்ரோலைத் தெளிப்பது வேறோர் அமைப்பின் வேலை. 1 கிராம் பெட்ரோல் முழுமையாக எரிய ஏறத்தாழ 14.7 கிராம் காற்று வேண்டும். இந்த விகிதம் பெரிதும் மாறக் கூடாது. ஆகவே காற்றைக் கட்டுப்படுத்தினாலே போதும். எஞ்சின் நம் கட்டுக்குள் வந்துவிடும்.

காற்றைக் கட்டுப்படுத்தும் அந்தக் கதவைத் தாங்கி நிற்கும் உறுப்புக்குத் திராட்டில் பாடி என்று பெயர். 'திராட்டில்' என்ற ஆங்கிலச் சொல்லுக்குத் தொண்டையை நெரித்தல் என்று பொருள். பொருத்தமான பெயர்தான். இந்தத் தொண்டையில் கரி படிந்தால் என்ன நேரும், அதை வீட்டிலேயே எவ்வாறு துடைக்கலாம், எதைச் செய்யக் கூடாது என்பவற்றை இக்கட்டுரையில் காண்போம். இவற்றுக்கெல்லாம் காரணம் நீங்கள் பள்ளியில் படிக்கும் இயற்பியலிலேயே இருக்கிறது.

கதவின் அமைப்பு

காற்று வடிகட்டியிலிருந்து வரும் குழாய் முடிந்து, எஞ்சினின் உறிஞ்சு குழாய் தொடங்கும் இடத்தில் அலுமினியத்தாலான ஒரு குட்டைக் குழல் இருக்கும். அதன் நடுவே வட்டமான உலோகத் தகடு ஒன்று ஓர் அச்சில் பொருத்தப்பட்டுள்ளது. மிதியை முழுதும் அழுத்தினால் தகடு காற்றோட்டத்திற்கு இணையாகத் திரும்பி வழிவிடும். மிதியை விட்டுவிட்டால் குறுக்கே நின்று குழலை ஏறத்தாழ முழுதுமாக அடைக்கும். சிறகை அசைக்கும் பட்டாம்பூச்சியைப் போலிருப்பதால் இதைப் பட்டாம்பூச்சி வால்வு என்பர்.

முன்னாளில் இத்தகடு கார்புரேட்டரின் அடிப்பகுதியில் இருந்தது. இந்தியாவில் 2000-ஆம் ஆண்டையொட்டிப் புகைக் கட்டுப்பாட்டு விதிகள் இறுகியபின் புதிய கார்களிலிருந்து கார்புரேட்டர் மறைந்தது. பெட்ரோலைத் தெளிக்கும் முறை வந்தது. திராட்டில் பாடி தனி உறுப்பாயிற்று. 2020 ஏப்ரலில் பாரத் 6 விதிகள் நடைமுறைக்கு வந்தபின், பெரும்பாலான இரு சக்கர வண்டிகளிலும் இது இடம்பெற்றுவிட்டது. சில வண்டிகளில் தகட்டைக் கம்பி இழுக்கிறது. புதிய கார்களில் ஒரு சிறு மின் மோட்டார் பற்சக்கரங்களின் வழியாக அதைத் திருப்புகிறது. இந்த வேறுபாட்டை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னர் தேவைப்படும்.

ஒரு சிறு கணக்கு

வண்டி நின்றுகொண்டிருக்க, எஞ்சின் மட்டும் மெதுவாக ஓடும் நிலையை மெக்கானிக்குகள் ஐடிலிங் என்பார்கள். அப்போது எஞ்சின் எவ்வளவு காற்றை உட்கொள்கிறது என்று கணக்கிடுவோம்.

சிலிண்டர்களின் மொத்தக் கொள்ளளவு 1.2 லிட்டர் எனக் கொள்வோம். நான்கு வீச்சு எஞ்சின் இரண்டு சுற்றுக்கு ஒரு முறை தன் கொள்ளளவை உறிஞ்சும். ஐடிலிங்கில் நிமிடத்திற்கு 800 சுற்று என்றால் 400 முறை. அதாவது 480 லிட்டர். ஆனால் தகடு ஏறத்தாழ மூடியிருப்பதால், தகட்டுக்குப் பின்னால் உள்ள அழுத்தம் வளிமண்டல அழுத்தத்தில் மூன்றில் ஒரு பங்குதான். பாதரசக் கணக்கில் சொன்னால் 76 செ.மீ.க்குப் பதில் ஏறத்தாழ 25 செ.மீ. பாயில் விதிப்படி, அந்த 480 லிட்டர் மெலிந்த காற்று வெளியில் இருந்தபோது 160 லிட்டர்தான். முழுத் திறப்பில், 6,000 சுற்றில், இதே எஞ்சின் நிமிடத்திற்கு ஏறத்தாழ 3,600 லிட்டர் காற்றை உட்கொள்ளும். இரண்டுக்கும் உள்ள விகிதம் 22 மடங்குக்கும் மேல்!

இந்த அழுத்தக் குறைவை உணர, ஊசி நீக்கிய சிரிஞ்ச் ஒன்றை எடுத்து, அதன் முனையை விரலால் மூடித் தண்டை இழுத்துப் பாருங்கள். விரலை இறுகப் பற்றும் அந்த இழுவைதான் ஐடிலிங்கில் தகட்டின் பின்னால் இருக்கிறது.

இனி இடுக்கின் அளவைக் காண்போம். தடுப்பின் பின்புற அழுத்தம் முன்புற அழுத்தத்தில் ஏறத்தாழப் பாதிக்குக் குறைந்துவிட்டால், இடுக்கில் பாயும் காற்று ஒலியின் வேகத்தை எட்டிவிடும். அங்கே காற்று குளிர்ந்திருப்பதால் அந்த வேகம் நொடிக்கு ஏறத்தாழ 315 மீட்டர். நிமிடத்திற்கு 160 லிட்டர் என்றால் நொடிக்கு 2.7 லிட்டர். இடுக்கில் காற்று மெலிந்து விரிவதால் அது 4.2 லிட்டர் ஆகிறது. 42,00,000 கன மி.மீ.ஐ 3,15,000 மி.மீ.ஆல் வகுத்தால் இடுக்கின் பரப்பு கிடைக்கும்: ஏறத்தாழ 13 சதுர மி.மீ.

குழலின் விட்டம் 45 மி.மீ. எனில் அதன் சுற்றளவு 141 மி.மீ. பதின்மூன்றை 141-ஆல் வகுத்தால் இடுக்கின் சராசரி அகலம் 0.1 மி.மீ.க்கும் சற்றுக் குறைவு. அதாவது நம் தலைமுடியின் பருமன் அளவே! அந்த மயிரிழை இடைவெளி வழியாகத்தான் எஞ்சின் முழுவதும் மூச்சு விடுகிறது.

அதே கரி, இரு விளைவுகள்

இப்போது குழலின் சுவரில் 0.02 மி.மீ. கனத்திற்குக் கரி படிவதாகக் கொள்வோம். அது மறைக்கும் பரப்பு 0.02 × 141. அதாவது ஏறத்தாழ 2.8 சதுர மி.மீ. கதவு முழுதும் திறந்திருக்கையில் குழலின் பரப்பு 1,590 சதுர மி.மீ. அதில் 2.8 போனால் இழப்பு 0.2 விழுக்காடுகூட இல்லை. ஐடிலிங்கிலோ 13-இல் 2.8 போய்விடுகிறது. இழப்பு 21 விழுக்காடு!

ஆகவே, "திராட்டிலைக் கழுவினால் காரின் உச்ச வேகம் கூடும்" என்று யாரேனும் சொன்னால் இந்தக் கணக்கை அவரிடம் காட்டுங்கள். கரியினால் கெடுவது வேகமன்று. அமைதியாக நின்று ஓடும் நிலைதான் கெடுகிறது.

இன்னொன்றும் உண்டு. இடுக்கில் காற்று ஒலியின் வேகத்தை எட்டியபின், பின்புற அழுத்தத்தை இன்னும் குறைத்தாலும் காற்றின் அளவு கூடாது. எஞ்சின் எவ்வளவு வலிந்து உறிஞ்சினாலும் பயனில்லை. இடுக்கை அகலப்படுத்துவது ஒன்றே வழி. காரின் கட்டுப்பாட்டுக் கணிப்பொறி அதைத்தான் செய்கிறது. சுற்று குறைவதைக் கண்டதும் தகட்டைச் சிறிது கூடுதலாகத் திறக்கும். கம்பி இழுக்கும் வகையில் பக்கவழியாகக் காற்றை விடும். இதனால் கரி படிந்துவருவது நெடுநாள் வெளியே தெரியாது. ஈடுகட்டும் எல்லை தாண்டியபின்தான் எஞ்சின் தடுமாறும். சிக்னலில் நிற்கும்போது அல்லது குளிர்சாதனத்தைப் போட்டதும் நின்றுவிடும்.

இதை வெறும் தொல்லை என்று தள்ளிவிட முடியாது. பெரும்பாலான பெட்ரோல் கார்களில் பிரேக்குக்கு உதவும் விசை, தகட்டின் பின்னால் உள்ள அந்த அழுத்தக் குறைவிலிருந்தே பெறப்படுகிறது. ஓடும் காரில் எஞ்சின் நின்றுவிட்டால், சேமித்து வைத்த உதவி ஓரிரு முறை மிதிப்பதற்கே போதும். பிறகு பிரேக் மிதி கல்லைப் போல் இறுகிவிடும். இறக்கத்தில் இது உயிருக்கே ஆபத்தாகலாம்.

கரி எங்கிருந்து வருகிறது?

வடிகட்டி தூசியைத் தடுக்கிறதே, பின் கரி எப்படி வந்தது? பெரும்பகுதி எஞ்சினிலிருந்தே வருகிறது. பிஸ்டனின் ஓரமாகக் கசியும் வாயு, கீழே உள்ள எண்ணெய் ஆவியையும் சேர்த்துக்கொள்ளும். அதை வெளியே விட்டால் காற்று மாசடையும் என்பதால், மீண்டும் உறிஞ்சு குழாய்க்கே அனுப்பி எரித்துவிடுகிறார்கள். எஞ்சினை நிறுத்தியபின் சூடான ஆவி மெல்லப் பின்னோக்கிப் பரவி, தகட்டின் மீதும் குழலின் சுவர் மீதும் படிகிறது. வடிகட்டியில் தப்பிய நுண்தூசி அதில் ஒட்டிக்கொள்கிறது. வெப்பத்தில் எண்ணெய் இறுகிப் பிசின் போலாகிறது. அடுப்பங்கரைச் சுவரில் எண்ணெய்ப் புகை படிந்து பிசுக்காவது போன்றதே இது.

துப்புரவு செய்யும் முறை

வண்டியோடு தந்த கையேட்டை முதலில் படியுங்கள். சில கார்களின் குழற்சுவரில் காப்புப் பூச்சு உண்டு. அதைக் கரைப்பானால் துடைக்கக் கூடாது என்று கையேடு சொன்னால் அத்துடன் விட்டுவிடுங்கள். வேலையைப் பெரியவர் ஒருவர் செய்யட்டும். நீங்கள் உடனிருந்து டார்ச் விளக்கைப் பிடியுங்கள். கையுறையும் கண்ணாடியும் இருவருக்கும் வேண்டும்.

1. எஞ்சினை நிறுத்தி நன்றாக ஆறவிடுங்கள். வண்டி திறந்த வெளியில் நிற்கட்டும்.

2. சாவியை எடுத்துவிட்டு, பேட்டரியின் எதிர்முனை இணைப்பைக் கழற்றுங்கள்.

3. காற்றுக் குழாயின் இறுக்கு வளையத்தைத் திருப்புளியால் தளர்த்திக் குழாயை விலக்குங்கள். உள்ளே தகடு தெரியும்.

4. திராட்டில் பாடிக்கென்றே விற்கப்படும் தெளிப்புக் கரைப்பானை நூல் உதிராத மென்துணியில் தெளித்து நனையுங்கள். குழலுக்குள் நேராகப் பீய்ச்ச வேண்டாம்.

5. சுவரையும் தகட்டின் முகத்தையும் மெல்லத் துடையுங்கள். விளிம்பை மிகுந்த கவனத்துடன் துடையுங்கள். நாம் கணக்கிட்ட இடுக்கு அங்கேதான் இருக்கிறது. பிடிவாதமான கரிக்குப் பழைய மென்மையான பல் துலக்கும் பிரஷ் போதும்.

6. கம்பி இழுக்கும் வகையானால் கம்பி சுற்றியுள்ள சக்கரத்தைக் கையால் திருப்பித் தகட்டைத் திறந்து பின்புறத்தையும் துடைக்கலாம். மோட்டார் வகையானால் தகட்டை விரலால் தள்ளாதீர்கள். முன்புறத்தோடு நிறுத்திக்கொள்ளுங்கள், பின்புறம் கரியேறியிருந்தால் பணிமனையில் கழற்றிச் செய்வதே முறை.

7. கரைப்பான் உலர்ந்தபின் குழாயை முன்போலவே இறுக்கமாகப் பொருத்துங்கள். இணைப்பில் கசிவு இருந்தால், அளக்கப்படாத காற்று உள்ளே புகுந்து புதிய தொல்லையாகும்.

செய்யத் தகாதவை

உப்புத்தாளாலோ கத்தியாலோ சுரண்டாதீர்கள். 0.1 மி.மீ. இடுக்கில் 0.02 மி.மீ. கீறலும் பெரிய கால்வாய்தான். கரியைத் துடைத்துவிடலாம், கீறலைத் துடைக்க முடியாது.

சாவி போட்டிருக்கும்போது குழலுக்குள் விரலை விடவே கூடாது. மோட்டார் எந்த நொடியும் தகட்டைத் திருப்பக்கூடும், விரல் நசுங்கிவிடும்.

மண்ணெண்ணெய் வேண்டாம், அது மெல்ல ஆவியாகி எண்ணெய்ப் படலத்தை விட்டுச்செல்லும், அதில் தூசி மீண்டும் ஒட்டும். பெட்ரோலும் வேண்டாம், தீ ஆபத்து. கடையில் விற்கும் கரைப்பானும் தீப்பற்றக்கூடியதே. அவற்றில் பலவற்றில் இருக்கும் அசிட்டோனின் மூலக்கூறு எடை 58. காற்றின் சராசரி 29. அதன் ஆவி காற்றைப்போல் இரு மடங்கு கனமானது. மூடிய கொட்டகையில் அது தரையோடு தங்கி, தொலைவிலுள்ள பொறியையும் எட்டும். திறந்த வெளியை வலியுறுத்தியது இதனால்தான்.

காற்றை அளக்கும் உணரி குழாயில் இருந்தால், அதன் மீது இந்தக் கரைப்பான் படக் கூடாது. அதன் மெல்லிய கம்பியோ படலமோ கெட்டுவிடும்.

துடைத்த பின்

பேட்டரியை இணைத்து எஞ்சினைக் கிளப்பினால், அது வழக்கத்தைவிட வேகமாகச் சுற்றக்கூடும். அஞ்ச வேண்டாம். கரி படிந்த இடுக்குக்கு ஏற்பத் தகட்டை அதிகம் திறக்கக் கணிப்பொறி பழகியிருந்தது. இடுக்கு அகன்றுவிட்டதை அது இன்னும் அறியவில்லை. சில கார்கள் சில நாள் ஓட்டத்தில் தாமே திருத்திக்கொள்ளும். வேறு சிலவற்றில் கையேட்டில் கூறிய முறைப்படி மறுபடியும் கற்பிக்க வேண்டும். பல நாளாகியும் தடுமாற்றம் தீரவில்லையானால் குறை வேறெங்கோ இருக்கிறது என்று பொருள். தகட்டை நிறுத்தும் திருகைத் திருகிச் சரிசெய்ய முயலாதீர்கள், மெக்கானிக்கிடம் காட்டுங்கள்.

சிந்தனைக்கு

1. ஒரு சிறிய எஞ்சினின் திராட்டில் குழல் விட்டம் 40 மி.மீ. அதில் 0.03 மி.மீ. கனத்திற்குக் கரி படிந்தால் முழுத் திறப்பின் பரப்பில் எத்தனை விழுக்காடு குறையும்?

2. ஒலி வேகத்தை எட்டிய இடுக்கின் வழியே செல்லும் காற்றின் நிறை, முன்புற அழுத்தத்திற்கு நேர்விகிதத்தில் இருக்கும். உதகமண்டலம் ஏறத்தாழ 2,240 மீட்டர் உயரத்தில் உள்ளது. அங்கே வளிமண்டல அழுத்தம் கடல் மட்டத்தில் இருப்பதில் ஏறத்தாழ முக்கால் பங்கு. சென்னையிலிருந்து அங்கே சென்ற காரில், ஐடிலிங்கில் எஞ்சினுக்கு அதே நிறைக் காற்று வேண்டுமெனில், கணிப்பொறி இடுக்கின் பரப்பை எத்தனை மடங்காக்க வேண்டும்?