மேல்முறையீடும் தவணையும்

நெகிரி செம்பிலானில் நீலாய், செண்டாயான் போன்ற வட்டாரங்களில் ஒரு காலத்தில் ரப்பர், செம்பனைத் தோட்டங்கள் பரந்து கிடந்தன. அவற்றுள் பல இன்று வீடமைப்புப் பகுதிகளாக மாறிவிட்டன. தோட்டம் மூடப்பட்டு வேலையிழக்கும் தொழிலாளிக்கு 1980ஆம் ஆண்டு விதிமுறைகளின்படி இழப்பீடு உண்டு. ஐந்து ஆண்டுகளும் அதற்கு மேலும் பணியாற்றியவருக்கு, ஓர் ஆண்டுக்கு 20 நாள் சம்பளம் என்ற கணக்கில் அது வழங்கப்பட வேண்டும்.

இழப்பீடு கிடைக்காதவர் தொழிலாளர் அலுவலகத்தில் முறையிடலாம். அங்குக் கிடைக்கும் முடிவு பாதகமாக இருந்தால், உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்யலாம். அதற்கான அறிவிப்பை 14 நாள்களுக்குள் பதிவு செய்ய வேண்டும்.

அத்துடன் கடமை முடிந்துவிடுவதில்லை. வழக்குப் பதிவேடுகளை உரிய காலத்தில் ஒப்படைக்க வேண்டும். விசாரணை நாளில் முன்னிலையாக வேண்டும். தவறினால், நீதிமன்றம் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்யலாம். அப்போது, நியாயம் யார் பக்கம் என்ற கேள்வி ஆராயப்படாமலேயே வழக்கு முடிந்துவிடும். எதிர்த்தரப்பினரையும் முடிவின்றிக் காத்திருக்க வைக்கக்கூடாது என்பதே இவ்விதியின் நோக்கம்.

தோட்டத் தொழிலாளிக்கு இதில் ஓர் ஆபத்து உண்டு. வேலை போனதும் அவர் லயத்து வீட்டையும் காலி செய்கிறார். நீதிமன்றக் கடிதமோ பழைய முகவரிக்கே செல்கிறது. தவணை நாள் தெரியாமலே கடந்துவிடுகிறது.

ஆகவே, வீடு மாறியவுடன் புதிய முகவரியை நீதிமன்றத்திற்கும் வழக்கறிஞருக்கும் தெரிவிக்க வேண்டும். தவணை தவறியிருந்தால், தாமதிக்காமல் தக்க காரணம் காட்டி, வழக்கை மீண்டும் ஏற்குமாறு விண்ணப்பிக்கலாம். ஆனால், அதனை ஏற்பதும் மறுப்பதும் நீதிமன்றத்தின் முடிவாகும். உரிமை இருந்தால் மட்டும் போதாது. அதனை இறுதிவரை விழிப்புடன் தொடரவும் வேண்டும்.