குழந்தையின் கையில் கைப்பேசி: பெற்றோர் எதைத் தேர்ந்தெடுப்பது?

விதை வாங்கும்போது நமது குடியானவர்கள் காட்டும் எச்சரிக்கை யாவரும் அறிந்ததே. மூட்டையின் வாயில் தைத்துள்ள சான்று அட்டை நீல நிறமாக இருக்கிறதா என்று பார்க்கிறார்கள். ரகம், குவியல் எண், பரிசோதித்த நாள் ஆகியவற்றை வாசிக்கிறார்கள்; வாசிக்கத் தெரியாதவர்கள் தெரிந்தவரைக் கேட்டுக்கொள்கிறார்கள். சான்று பெற்ற நெல் விதையில் நூற்றுக்கு 80 விதையேனும் முளைக்க வேண்டும் என்பது விதி. அவ்விதி இருந்தும், ஒரு பிடி விதையை ஈரச் சாக்கில் முடிந்து வைத்து, முளை வருகிறதா என்று பார்த்த பின்னரே நாற்றங்காலில் இறங்கும் பழக்கம் இன்னும் பல குடும்பங்களில் உள்ளது. அட்டையை நம்புகிறோம், ஆயினும் நாமும் ஒரு முறை சோதித்துக் கொள்கிறோம்.

இதே குடும்பத்தில், மூன்று வயதுக் குழந்தையின் கையில் கொடுக்கும் கைப்பேசியில் என்ன ஓடுகிறது என்று எவரும் பார்ப்பதில்லை. குழந்தை அழுகையை நிறுத்திவிட்டதா என்பது ஒன்றே அங்கு சோதனையாக இருக்கிறது.

இதைக் குற்றமாகச் சொல்ல நாம் முன்வரவில்லை. நடவு நாட்களில் விடியுமுன் வயலுக்குப் போகும் தாய், பொழுது சாய்ந்த பின்னரே வீடு திரும்புகிறாள். முழங்கால் வலியுடன் திண்ணையில் அமர்ந்திருக்கும் பாட்டியால் ஓடியாடும் பேரனைத் துரத்திப் பிடிக்க இயலாது. கைப்பேசி அவனை ஓரிடத்தில் அமர்த்தி வைக்கிறது. மேலும் 2020, 2021-ஆம் ஆண்டுகளில் பள்ளிகள் மூடப்பட்டிருந்தபோது, பிள்ளைக்குக் கைப்பேசி வாங்கித் தரும்படி பள்ளியே கேட்டது. கடன் பட்டு வாங்கித் தந்த பெற்றோரும் உண்டு. பள்ளி திறந்த பிறகு அந்தக் கருவியை என்ன செய்வது என்று அவர்களுக்கு யாரும் சொல்லவில்லை. ஆகவே அதைப்பற்றிச் சிறிது விரிவாக ஆராய்வது பயனுடையதாகும்.

முதலில் வயதைக் கவனிக்க வேண்டும். உலக சுகாதார நிறுவனம் 2019-ஆம் ஆண்டில் வெளியிட்ட வழிகாட்டுதலின்படி, ஒரு வயது நிரம்பாத குழந்தைக்குத் திரையே கூடாது. ஒரு வயதுக் குழந்தைக்கும் உட்கார்ந்து திரை பார்ப்பது பரிந்துரைக்கப்படவில்லை. இரண்டு முதல் நான்கு வயது வரை நாளொன்றுக்கு ஒரு மணி நேரத்துக்கு மேற்படக் கூடாது. அதனினும் குறைவது நலம். சோறு ஊட்டும் நேரம், எண்ணெய் தேய்க்கும் நேரம், தொட்டிலில் இடும் நேரம் ஆகிய மூன்றிலும் கைப்பேசி ஓடினால் அந்த ஒரு மணி காலையிலேயே தீர்ந்துவிடும் என்பதைத் தாய்மார்கள் கணக்கிட்டுப் பார்க்கலாம்.

‘பேச்சு வரட்டும் என்றுதான் பாட்டுப் போட்டுத் தருகிறேன்’ என்று சொல்லும் பெற்றோரை நாம் பல ஊர்களில் சந்தித்திருக்கிறோம். அவர்களுடைய நோக்கம் நல்லதே. ஆனால் இதனை ஆராய்ந்து பார்த்திருக்கிறார்கள். அமெரிக்காவில் வர்ஜீனியா பல்கலைக்கழக ஆராய்ச்சியாளர்கள், 12 முதல் 18 மாதக் குழந்தைகளுக்குச் சொற்களைக் கற்பிப்பதாக விற்கப்பட்ட ஒரு காணொளியை நான்கு வாரம் காட்டிச் சோதித்து, முடிவை 2010-இல் வெளியிட்டார்கள். காணொளி பார்த்த குழந்தைகள், பார்க்காத குழந்தைகளைவிட அதிகமாக எதையும் கற்கவில்லை. காணொளியே இல்லாமல், அன்றாட வேலைகளினூடே பெற்றோர் அதே சொற்களைச் சொல்லிக் கொடுத்த குழந்தைகளே மிகுதியாகக் கற்றிருந்தனர். கீரை ஆயும்போது ‘இது தண்டு, இது இலை’ என்று பேரனிடம் பேசும் நமது பாட்டியைத் தோற்கடிக்கும் காணொளி இன்னும் வரவில்லை என்பதே இதன் பொருள். பாட்டிகள் இதைக் கேட்டு வியப்படைய மாட்டார்கள்.

இதற்கு ஒரு விலக்கு உண்டு. வெளிநாட்டில் வேலை செய்யும் தகப்பனார் இரவில் முகம் காட்டிப் பேசுவதை நாம் திரை நேரத்துடன் சேர்த்துக் கணக்கிட வேண்டியதில்லை. எதிரில் இருப்பவர் குழந்தை சொல்வதைக் கேட்டு விடை சொல்கிறார். குழந்தை சிரித்தால் அவரும் சிரிக்கிறார். பதிந்து வைத்த படத்திலிருந்து புதுச்சொல்லைக் கற்காத இரண்டு வயதுக் குழந்தைகள், இவ்வாறு நேருக்கு நேர் பேசும் திரையிலிருந்து கற்றதை 2014-இல் வெளியான மற்றோர் ஆராய்ச்சி காட்டியது. திரையைக் காட்டிலும் திரைக்கு அப்பால் மறுமொழி சொல்ல ஓர் ஆள் உண்டா என்பதே முக்கியம்.

இனி, மூன்று வயதுக்கு மேற்பட்ட குழந்தைக்குச் செயலி தேர்ந்தெடுக்கும் முறையைப் பார்ப்போம். ஆன்ட்ராய்டு கைப்பேசிகளில் செயலிகள் கிடைக்கும் பிளே ஸ்டோரில், ஒவ்வொரு செயலிக்கும் 3+, 7+, 12+ என்று ஒரு வயதுக் குறி இடப்பட்டிருக்கும். ‘மூன்று வயதுப் பிள்ளைக்கு ஏற்றது’ என்று இதற்குப் பலர் பொருள் கொள்கிறார்கள். அது சரியன்று. அந்த வயதினருக்கு ஒவ்வாத அடிதடியோ ஆபாசமோ அதில் இல்லை என்பதை மட்டுமே அக்குறி உணர்த்துகிறது. அதனால் குழந்தை எதையேனும் கற்கும் என்பதற்கு அது உறுதியன்று. ‘கல்வி’ என்ற தலைப்பின் கீழ் ஒரு செயலி வைக்கப்பட்டிருப்பதும் அத்தகையதே. பெரும்பாலும் அந்தத் தலைப்பைத் தேர்ந்தெடுப்பவர் அதைச் செய்து விற்பவர்தாம். இவற்றைவிடச் செயலியின் பெயருக்கு அருகே சிறிய எழுத்தில் உள்ள இரண்டு குறிப்புகள் அதிகம் பேசும். ஒன்று, விளம்பரங்கள் உள்ளன என்பது. மற்றொன்று, செயலிக்குள்ளேயே பணம் கொடுத்து வாங்கும் பொருள்கள் உள்ளன என்பது. மிச்சிகன் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்தோர் சிறு குழந்தைகளுக்கான 135 செயலிகளை ஆராய்ந்து 2018-இல் வெளியிட்டதில், நூற்றுக்கு 95 செயலிகளில் ஏதேனும் ஒரு வகை விளம்பரம் இருந்தது. விளையாட்டு எது, விளம்பரம் எது என்று நான்கு வயதுக் குழந்தையால் பிரித்தறிய முடியாது. பெட்டியைத் தொட்டால் பொம்மை வரும் என்று தொடுகிறது. வருவது வேறொரு கடை.

அட்டையைப் படித்தாயிற்று. இனி ஒரு பிடி விதையை முளைக்கட்டிப் பார்க்க வேண்டும். குழந்தையிடம் கொடுக்குமுன் தந்தையோ தாயோ, வீட்டில் படித்த அக்காளோ, அரைமணி நேரம் அச்செயலியில் தாமே விளையாடிப் பார்க்கட்டும். முதலில் இணையத் தொடர்பை நிறுத்திவிட்டுத் திறக்க வேண்டும். தொடர்பின்றியும் ஓடுகிற செயலியில் விளம்பரத் தொல்லை பெரும்பாலும் குறையும். குழந்தை வேறிடம் தாவவும் வழியிராது. பின்னர், வேண்டுமென்றே தவறு செய்து பார்க்க வேண்டும். ‘அ’ எழுதப் பழக்கும் செயலியில் கோணல்மாணலாக ஒரு கோடு இழுத்தால் என்ன நடக்கிறது? எதை இழுத்தாலும் கைதட்டி மத்தாப்புக் கொளுத்தும் செயலி ஒன்றையும் கற்பிக்காது. தவறு எங்கே என்று காட்டி, மீண்டும் எழுதச் சொல்வது ஓரளவு நல்லது. ‘இன்றைக்குப் போதும்’ என்று தானே ஓய்ந்து நிற்கும் செயலி கிடைத்தால் அது அருமை. பரிசு, நாணயம், அடுத்த படி என்று இழுத்துக்கொண்டே போவதை விலக்கிவிடலாம்.

இறுதிச் சோதனை மறுநாள் நடக்க வேண்டும். கைப்பேசியைப் பெட்டியில் வைத்துவிட்டு, முற்றத்து மணலில் அந்த எழுத்தை எழுதச் சொல்லுங்கள். பத்துப் புளியங்கொட்டைகளைப் பரப்பி ஏழு எடுத்துத் தரச் சொல்லுங்கள். ஒரு வாரம் பார்த்தும் மணலில் விரல் ஓடவில்லையென்றால் அந்தச் செயலி முளைக்கவில்லை. அதை நீக்கிவிடுவதில் தயக்கம் வேண்டா.

காணொளிகளில் ஆபத்து வேறு வகையானது. ஒன்று முடிந்ததும் அடுத்தது தானே தொடங்குகிறது. நிலாப் பாட்டில் ஆரம்பித்த குழந்தை அரைமணி நேரத்தில் எங்கே நிற்கும் என்று சொல்ல இயலாது. யூடியூப் கிட்ஸ் என்னும் குழந்தைகள் பதிப்பில், பெற்றோர் ஏற்றுக்கொண்ட காணொளிகள் மட்டுமே தெரியும்படி அமைக்கவும், தேடும் வசதியை நிறுத்தவும், நேரம் முடிந்தால் பூட்டிக்கொள்ளவும் வழி உண்டு. இந்த அமைப்பைச் செய்யாமல் கொடுத்தால் அதில் பயன் குறைவு. இதைவிட எளிய வழி, நல்லவை என்று கண்ட ஐந்தாறு காணொளிகளை இறக்கி வைத்து, இணையத்தை அணைத்துக் கொடுப்பது. குழந்தைகள் ஒன்றையே பத்து முறை பார்ப்பதற்குச் சலிப்பதில்லை, சலிப்பவர்கள் நாமே.

பள்ளிப் பிள்ளைகளுக்குத் தேடி அலைய வேண்டியதில்லை. தமிழ்நாட்டில் 2018 முதல் வந்த புதிய பாடநூல்களில் அச்சிட்ட சதுரக் குறியீட்டைக் கைப்பேசியில் காட்டினால் அப்பாடத்துக்குரிய விளக்கம் திறக்கும். 2019-இல் தொடங்கிய கல்வித் தொலைக்காட்சியும், 2023-இல் பள்ளிக் கல்வித்துறை வெளியிட்ட ‘மணற்கேணி’ செயலியும் கட்டணமின்றிக் கிடைக்கின்றன. ஈண்டு ஒன்று சொல்லாமல் இருக்க முடியவில்லை. ஒரே கைப்பேசி உள்ள வீட்டில், மாலையில் அது மகன் கையில் இருக்கிறது. அவனைவிட மேல் வகுப்பில் படிக்கும் மகள் பாத்திரம் துலக்குகிறாள். எந்தச் செயலி நல்லது என்று ஆராயுமுன் யாருக்கு எந்த நேரம் என்று அவ்வீட்டில் முடிவு செய்தாக வேண்டும்.

கைப்பேசி இன்று பணப்பையுமாகும். நாம் அறிந்த ஒரு வீட்டில், பத்து நாள் பால் பணம் ஒரே இரவில் ஒரு விளையாட்டுக்குப் போயிற்று. ஆடியவன் பன்னிரண்டு வயதுப் பேரன். தாத்தாவுக்காக எப்போதும் பணம் அனுப்பித் தந்தவன் அவனே. இரகசிய எண்ணும் அவனுக்குத் தெரியும். பையன் அடி வாங்கினான். இரகசிய எண்ணை மாற்ற வேண்டும் என்று ஒரு வாரம் வரை யாருக்கும் தோன்றவில்லை. வங்கிச் செயலிக்குத் தனிப் பூட்டு இடுவதும், ஒவ்வொரு முறை வாங்கும்போதும் கடவுச்சொல் கேட்கும்படி பிளே ஸ்டோரை அமைப்பதும் ஐந்து நிமிட வேலை. பணம் வைத்து ஆடும் இணைய விளையாட்டுகளை நாடு முழுவதும் தடை செய்து நாடாளுமன்றம் 2025 ஆகஸ்டில் சட்டம் இயற்றியுள்ளது. ஆயினும் மறைவாக வருவன வரும். ஏமாற்றிப் பணம் பறிக்கப்பட்டால் உடனே 1930 என்ற எண்ணுக்குத் தெரிவிக்க வேண்டும். எவ்வளவு விரைந்து சொல்கிறோமோ அவ்வளவுக்குப் பணத்தைத் தடுத்து நிறுத்த வாய்ப்புண்டு. முன்பின் அறியாதவர் குழந்தையுடன் பேசி மிரட்டுவதாகத் தெரிந்தால் 1098-ஐ அழைக்கலாம்.

இவற்றையெல்லாம் தனித்தனி வீடுகள் தாமே செய்துகொள்ளும் என்று எதிர்பார்ப்பது கடினம். பஞ்சாயத்து அங்கத்தினர்கள் இதில் செய்யக்கூடியது மிகுதி. நூலகத்திலோ அங்கன்வாடியிலோ மாதம் ஒரு மாலை, பெற்றோர் தம் கைப்பேசியுடன் வந்து அமர ஏற்பாடு செய்யலாம். பள்ளி ஆசிரியர் ஒருவரும், கல்லூரியில் படிக்கும் உள்ளூர்ப் பிள்ளைகள் இருவரும் போதும். விளம்பரம் நிறைந்தவற்றை நீக்கி, பூட்டுகளை அமைத்து, சோதித்துப் பார்த்த நாலைந்து செயலிகளை ஏற்றிக் கொடுக்கலாம். எந்தச் செயலியால் எந்தக் குழந்தை மணலில் எழுதிற்று என்று தாய்மார்கள் சொல்லக் கேட்டு, அப்பெயர்களை அங்கன்வாடிச் சுவரில் எழுதி வைத்து, மாதந்தோறும் திருத்தி வரலாம். நடவுக் காலத்தில் வயலுக்குப் போகாதிருக்கும் முதியோர் இருவர் மூவர், தெருக் குழந்தைகளை ஒரு திண்ணையில் சேர்த்துக் கதை சொல்ல இசைந்தால், கைப்பேசிக்குத் தேவையே குறையும். மே 1 கிராம சபையில் இதனை ஒரு பொருளாக வைத்துக்கொண்டால், பள்ளி விடுமுறை நாட்களிலேயே முதல் மாலையை நடத்திவிட முடியும்.