பில் போடுகிறவனின் கனவு



தம்பி, உன் நாடகப் பிரதியைப் படித்தேன். ரிச்சி தெருக் கடையில் பில் போடுகிற பையன், முதலாளி அதட்டும்போதெல்லாம் மனசுக்குள் ஹீரோ ஆகிவிடுகிறான். பழைய கருதான். 1939இல் தர்பர் எழுதிய சிறுகதையிலும் இருக்கிறது; 1982இல் நேரி பரெந்தி எடுத்த இத்தாலியப் படத்திலும் இருக்கிறது. அதனால் என்ன, இன்னொரு தரம் செய்யலாம்.

ஆனால் ஒவ்வொரு கனவுக்கும் நீல விளக்கு, புகை, கோட்டு என்று எழுதி வைத்திருக்கிறாயே, எதற்கு? எடுத்துவிடு. 'காதலிக்க நேரமில்லை' (1964) படத்தில் நாகேஷ் நடித்த செல்லப்பாவைப் பார். ஓஹோ புரொடக்‌ஷன்ஸ் அதிபர். கையில் காலணா கிடையாது. பாலையாவுக்குக் கதை சொல்லும் இடத்தில் நாகேஷிடம் இருப்பது குரலும் இரண்டு கையும்தான். சத்தமெல்லாம் வாயாலேயே. சிரிக்க வைக்கிறோம் என்கிற நினைப்பே அந்த முகத்தில் இல்லை. படம் ஓடுகிறது, அவர் பார்த்துக்கொண்டிருக்கிறார், அவ்வளவுதான். பாதிச் சிரிப்பு பாலையா சம்பாதித்தது என்பதையும் மறந்துவிடாதே.

செல்லப்பாவுக்குக் கூச்சம் கிடையாது. உன் பையனுக்கு உண்டு. அதற்கு 'எதிர் நீச்சல்' (1968) மாதுவிடம் போக வேண்டும். மாடிப்படிக்குக் கீழே ஒண்டிக்கொண்டு, குடித்தனக்காரர்கள் அத்தனை பேருக்கும் எடுபிடி வேலை செய்து படிக்கிற அநாதை. நாகேஷ் அங்கே பயத்தைத் தனியாக நடிக்கவில்லை. யார் தயவில் சாப்பாடு என்று தெரிந்தவன் நிற்கிற நிற்பு அது. நீ பக்கத்துக்குப் பக்கம் 'நடுங்குகிறான்' என்று குறிப்பு எழுதியிருக்கிறாய். எது கைவிட்டுப் போகும் என்று நடுங்குகிறான்? அதை எழுது.

ஞாயிறு காலை உங்கள் சிந்தாதிரிப்பேட்டை மீன் மார்க்கெட்டில் போய் நில். விலை கேட்கக் கூசுகிற ஆள் ஒருவராவது வருவார். "இன்னா சார், பாத்துக்கினே நிக்கிற, வெட்டட்டா?" என்று மீன்காரம்மா கேட்டதும் தலை தானாக ஆடும். சங்கரா வாங்க வந்தவர் கவளையோடு திரும்புவார். அவர் பின்னாலேயே போ. கூவம் பாலத்தில் ஏறும்போது வாய் முணுமுணுக்கும். சொல்லியிருக்க வேண்டிய பதில் அப்போதுதான் வருகிறது. அதுதானப்பா கனவு. நீ எழுதியிருக்கிற ஹெலிகாப்டர் இல்லை.

கடை வேலையை விட்டுவிட்டு முழுநேரமும் நாடகத்துக்கே வரப்போவதாக எழுதியிருந்தாய். இது மேடையேறும்வரை விடாதே. நாகேஷ் ரயில்வேயில் குமாஸ்தாவாக இருந்தவர். நான் சொன்ன இத்தாலியப் படத்தின் நாயகன் பாவ்லோ வில்லாஜ்ஜோவும் ஜெனோவாவில் ஒரு நிறுவனத்தில் குமாஸ்தா. அங்கே கண்டதிலிருந்துதான் ஃபான்டோஸ்ஸி என்ற அப்பாவிக் கணக்கரைப் படைத்தார். உனக்கும் அந்த பில் கவுண்டர் இருக்கிறது. சம்பளம் வேறு தருகிறார்கள்!

முதலாளி வேஷத்துக்கு, பையனாக நடிக்கப்போகிற உன்னைவிடக் கெட்டிக்கார நடிகராகப் பிடி. அவர் கத்த வேண்டாம். பேனாவை மூடிவிட்டு நிமிர்ந்து பார்த்தால் போதும், உன் பயம் அங்கிருந்து கிடைத்துவிடும்.

கடைசியில் பையன் முதலாளியை அறைகிறான் என்று முடித்திருக்கிறாய். எனக்கு ஒப்பவில்லை. 'சர்வர் சுந்தரம்' (1964) சுந்தரம் நிஜமாகவே பெரிய நட்சத்திரம் ஆகிறான். ஆனாலும் அவன் காதலித்த ராதா கிடைக்கவில்லை. உன் பையன் அறைந்தே விட்டான் என்று வைத்துக்கொள், மறுநாள் காலை பத்து மணிக்கு எங்கே போவான்? அந்தக் காட்சியை எழுதி எடுத்துக்கொண்டு வா, ஒத்திகையை அப்புறம் வைத்துக்கொள்ளலாம்.