டெண்டர்ல தோத்தா கோர்ட்டுக்குப் போகலாமா?

தாராளமா போகலாம். ஆனால் "எங்க விலைதான் நல்ல விலை, காண்ட்ராக்டை எங்களுக்கே கொடுங்க" என்று கேட்டால் நீதிபதி காது கொடுக்க மாட்டார். அரசு தானே அறிவித்த விதிகளின்படி நடந்ததா என்பதுதான் அங்கே முதல் கேள்வி. பிரிட்டன் ரயில்வேயின் இரண்டு வழக்குகளைப் பார்த்தால் இது புரிந்துவிடும்.

வழக்கு 1: வர்ஜின், 2012

லண்டனையும் கிளாஸ்கோவையும் இணைக்கும் மேற்குக் கடற்கரைப் பாதையில் 1997 முதல் ரயில் ஓட்டிவந்தது வர்ஜின். அந்த உரிமையை அங்கே அப்போது டெண்டர் விட்டுத்தான் கொடுத்தார்கள். 2012 ஆகஸ்டில் புது டெண்டரில் ஃபர்ஸ்ட் குரூப் ஜெயித்தது. அது அரசுக்குத் தருவதாகச் சொன்னது சுமார் 550 கோடி பவுண்ட். வர்ஜின் சொன்னது சுமார் 480 கோடி. வர்ஜின் வழக்குப் போட்டது.

பெரிய தொகையைச் சொல்லிவிட்டுப் பாதியில் கைவிரித்தால் என்ன செய்வது? அதற்காகவே ஒரு ஏற்பாடு இருந்தது. ரிஸ்க் எவ்வளவு அதிகமோ, அந்த அளவுக்குத் தாய் நிறுவனம் கூடுதல் கடன் தர ஒப்புக்கொள்ள வேண்டும். இந்தத் தொகையைப் போக்குவரத்துத் துறை கணக்குப் போட்டதில்தான் சிக்கல். பணவீக்கம் சேர்க்காத எண்ணை, சேர்த்த எண்ணாக எடுத்துக்கொண்டார்கள். மீட்டரையும் அடியையும் குழப்பிக்கொண்ட மாதிரி! தொகை குறைவாக வந்தது. அதை முடிவு செய்தபோது போட்டியாளர்களை ஒரே மாதிரி நடத்தவில்லை என்றும் பின்னால் வந்த லைட்லா அறிக்கை சொன்னது.

கோர்ட்டுக்காக ஆதாரம் திரட்டும்போதுதான் இதெல்லாம் வெளியே வந்தது. அக்டோபர் 3 அன்று அரசே டெண்டரை ரத்து செய்தது. வழக்கு விசாரணை வரை போகவே இல்லை. போட்டியிட்ட நான்கு தரப்புக்கும் டெண்டர் செலவைத் திருப்பித்தர சுமார் 4 கோடி பவுண்ட் ஆகும் என்று அரசு கணக்கிட்டது. எல்லாம் மக்கள் வரிப்பணம்.

ஒன்றைக் கவனியுங்கள்: வர்ஜின் டெண்டரை ஜெயிக்கவில்லை. தற்காலிக ஒப்பந்தத்தில் தொடர்ந்து ஓட்டியது, அவ்வளவுதான்.

வழக்கு 2: ஸ்டேஜ்கோச், 2019-20

ஊழியர் பென்ஷன் நிதியில் துண்டு விழுந்தால் யார் பொறுப்பு? அந்த ரிஸ்க்கை ரயில் நிறுவனம் ஏற்க வேண்டும் என்றது டெண்டர். ஸ்டேஜ்கோச் அந்த நிபந்தனையை மாற்றி எழுதி பிட் கொடுத்தது. 2019 ஏப்ரலில் மூன்று டெண்டர்களிலிருந்து அதைத் தகுதிநீக்கம் செய்தார்கள். வழக்குப் போட்டது, 2020 ஜூனில் தோற்றது. இங்கே விதியிலிருந்து விலகியது நிறுவனம், அரசு இல்லை.

இந்தியாவில்?

நாக்பூர் மெட்ரோ டெண்டரில் மெட்ரோ கட்டுமான அனுபவம் கேட்டிருந்தார்கள். சீனாவில் நகரங்களுக்கு இடையே ஓடும் ரயில் திட்டத்தின் அனுபவத்தைக் காட்டிய கூட்டணி நிராகரிக்கப்பட்டது. மும்பை உயர் நீதிமன்றம் அந்தக் கூட்டணி பக்கம் நின்றது. 2016இல் உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. டெண்டரை எழுதியவருக்கே அதன் பொருள் நன்றாகத் தெரியும். கெட்ட எண்ணமோ முரண்டான விளக்கமோ இல்லாதவரை கோர்ட் தலையிடக் கூடாது என்பது அந்தத் தீர்ப்பின் சாரம்.

கேம்பஸ் இண்டர்வியூ முடிந்து நம்மில் சிலர் கட்டுமான கம்பெனிகளில் பிட் தயாரிப்போம். சிலர் அரசு வேலையில் அந்த பிட்டுக்கு மார்க் போடுவோம். முதல் வகை என்றால், பிடிக்காத நிபந்தனையை பிட்டுக்குள் திருத்தாதீர்கள். கடைசித் தேதிக்கு முன்பே எழுத்தில் கேளுங்கள், பதிலை ஃபைலில் வையுங்கள். இரண்டாவது வகை என்றால், எக்ஸெல்லில் ஒவ்வொரு காலத்தின் தலையிலும் யூனிட்டை எழுதுங்கள். எந்த வருட விலை, பணவீக்கம் சேர்த்ததா இல்லையா என்பதையும் சேர்த்து!