இரு தரப்பும் பேசும் வீடு

நுழையும்முன்

ஜவ்வாது மலையிலுள்ள காவலூர் வானாய்வகத்தின் 2.34 மீட்டர் விட்டமுடைய தொலைநோக்கி, வெறுங்கண்ணுக்குப் புலப்படாத விண்மீன்களைக் காட்டுகிறது. மிக அருகில் இருந்தும் நாம் காணத் தவறுபவை வீட்டுக்குள்ளும் உண்டு. அவற்றைக் காட்டுவது குடும்பச் சிறுகதை. கன்னடத்தில் அதற்கு வழியமைத்தவர் மாஸ்தி வெங்கடேச ஐயங்கார்.

வீட்டுமொழியும் எழுத்துமொழியும்

கோலார் மாவட்டத்தில் 1891இல் பிறந்த மாஸ்தியின் தாய்மொழி தமிழ். சென்னையில் ஆங்கில இலக்கியம் பயின்ற அவர், மைசூர் அரசுப்பணியில் சேர்ந்தார். எனினும், தம்மைச் சூழ்ந்து வாழ்ந்த மக்களின் மொழியாகிய கன்னடத்திலேயே கதைகளைப் படைத்தார். அவருடைய முதல் சிறுகதைத் தொகுப்பு 1920இல் வெளிவந்தது. 1983ஆம் ஆண்டுக்கான ஞானபீட விருதையும் அவர் பெற்றார்.

பிரிந்த அடுப்பு

அவருடைய புகழ்பெற்ற கதைகளுள் ஒன்று ‘மொசரின மங்கம்மா’. ‘மொசரு’ என்பதற்குக் கன்னடத்தில் தயிர் என்பது பொருள். பெங்களூரில் தயிர் விற்கும் மங்கம்மா, வாடிக்கையாக வாங்கும் வீட்டுப் பெண்ணிடம் தன் மனக்குறையைச் சொல்கிறாள். பேரனை மருமகள் அடித்ததைத் தட்டிக்கேட்டதால் சண்டை மூள்கிறது. மகன் மனைவியின் பக்கம் நிற்கிறான். மங்கம்மா தனியே சமைத்து உண்கிறாள். பின்னர்ப் பேரன் பாட்டியைத் தேடி வருகிறான்; பிரிந்த குடும்பம் மீண்டும் கூடுகிறது.

தீர்ப்புக் கூறாத கதை

சண்டைக்குக் காரணம் குழந்தை மேல் விழுந்த அடிதான். அதன் அடியில் இருப்பதோ, இந்த வீட்டில் தனக்கு இன்னும் இடமுண்டா என்னும் முதியவளின் அச்சம். தான் பெற்ற பிள்ளையை வளர்க்கும் உரிமை தனக்கில்லையா என்பது மருமகளின் கேள்வி. மாமியாரின் குறையை மட்டும் கேட்கும் வாசகர் மருமகளைக் கொடியவள் என்றே முடிவுசெய்வர். மாஸ்தி மருமகளையும் பேசவைக்கிறார், அம்முடிவு தளர்கிறது. இருவரும் ஒரே மனிதனின் அன்புக்குப் போட்டியிடுபவர்கள் என்பது அப்போது விளங்குகிறது. அன்பே சண்டைக்கு வேராக இருப்பதால், எவரையும் வெறுக்க இயலவில்லை.

தமிழில் புதுமைப்பித்தனின் ‘செல்லம்மாள்’ கதையும் கணவன், நோயுற்ற மனைவி என்னும் இருவரின் எளிய வாழ்விலிருந்தே ஆழத்தை எட்டுகிறது. குடும்பக் கதை நெஞ்சில் நிற்பதற்குப் பெரிய நிகழ்ச்சிகள் தேவையில்லை; எதிர்த்தரப்பின் குரலுக்கும் இடமளிக்கும் நேர்மையே தேவை.

கற்பவை கற்றபின்

நீங்கள் அறிந்த குடும்பப் பூசல் ஒன்றை, முதலில் ஒருவர் கூற்றாகவும் பின்னர் மற்றவர் கூற்றாகவும் எழுதுக. உங்கள் கருத்து எவ்விடத்தில் மாறியது என்பதை வகுப்பில் கலந்துரையாடுக.