படப்பெட்டியும் பனிநிலமும்

இயற்கையோடு இயைந்து வாழும் தொல்குடிகளின் வாழ்வைத் தொலைவிலுள்ளோர் கண்டறியத் திரைப்படம் பெரிதும் துணைபுரிகின்றது. ஆயின், திரையிற் காண்பன யாவும் உண்மையோ என்னும் வினாவும் உடனெழுகின்றது. புகழ்பெற்ற படமொன்றைக் கொண்டு இவ்வினாவை ஈண்டு ஆராய்வாம்.

அமெரிக்கரான றொபேட் பிளாகேட்டி (1884–1951) கனிவளந் தேடிக் கனடாவின் வடபுலஞ் சென்றவர். ஹட்சன் குடாக் கரையில், எஸ்கிமோவர் எனப் பிறரால் அழைக்கப்பட்ட இனுயிட் மக்களோடு பழகி, அவர்தம் வாழ்வைப் படம்பிடித்தார். 1916 இல் சிகரெட்டு நெருப்பால் மூலப் படச்சுருள்கள் எரிந்தொழிந்தன. மனந்தளராத அவர் 1920 இல் மீண்டுஞ் சென்று எடுத்த 'வடபுலத்து நனூக்' என்னும் படம் 1922 இல் வெளிவந்தது.

நனூக் பனியைக் கத்தியால் அரிந்து அடுக்கி வீடு அமைக்கின்றான். தெளிந்த பனிக்கட்டியைச் சாளரமாகப் பதித்து, வெளியே பனிப்பாளம் ஒன்றை நிறுத்தி ஒளியை உள்ளே திருப்புகின்றான். இயற்கையை அறிந்து அதனையே துணையாக்கும் இம்மதிநுட்பம் எம்மை வியப்பில் ஆழ்த்துகின்றது.

ஆயின், நனூக்காகத் தோன்றியவரின் இயற்பெயர் அல்லாகாரியல்லாக் என்பதாம். வீட்டின் உட்புறத்தைப் படம்பிடிக்க ஒளி போதாமையால், ஒரு பக்கந் திறந்த பனிவீடு ஒன்று கட்டப்பட்டது. துப்பாக்கியை அறிந்திருந்த அம்மக்கள், தம் முன்னோரைப் போல எறியீட்டி கொண்டு வேட்டையாடிக் காட்டினர். கிறமபோன் இசைத்தட்டை நனூக் பல்லாற் கடித்துப் பார்ப்பதும் நடிப்பே. முன்னையது மறைந்துபோகும் திறனொன்றைப் பதிந்து வைத்தது; பின்னையதோ அறிவுடைய ஒருவரை அறியாதவராகக் காட்டியது. இவ்விரண்டையும் ஒன்றென மயங்குதல் தகாது.

எனினும், எடுத்த படத்தை அவ்விடத்திலேயே கழுவி அம்மக்களுக்குக் காட்டி, அவர்தம் உழைப்பையும் ஒத்துழைப்பையும் பெற்றே பிளாகேட்டி பணியாற்றினார் என்பதை மறத்தலாகாது. ஆனால் எதனைக் காட்டுவது என்னும் இறுதி முடிவு அவர் கையிலேயே இருந்தது.

காலம் மாறிற்று. இனுயிட் இனத்தவரான சக்கரியாஸ் குனுக், தம் மக்களின் பழங்கதையை அவர்தம் மொழியாகிய இனுக்டிடுட்டிலேயே 'அத்தனார்ஜுவாத்' என்னும் படமாக எடுத்தார். 2001 இல் கான் விழாவில் அது பொற்கமராப் பரிசு பெற்றது. அதுவும் நடித்துக் காட்டிய படமே. ஆயின், தம்மை எங்ஙனங் காட்டுவது என அம்மக்களே தீர்மானித்தனர்.

ஆதலின், மாணவர்காள், படம் பார்க்குந்தோறும் திரையில் தோன்றுவது யாது என்பதோடு அமையாது, படப்பெட்டி யார் கையிலுள்ளது என்றும் வினவுமின். அதுவே கல்வியின் பயனாகும்.